தீவன வண்டியில் கட்டிய கேமரா

“ஹீரோ யாரு?” என்றுதான் முதலில் கேட்பார்கள். சேலத்தில் நான் கல்யாண வீடியோ எடிட் செய்து கொடுக்கும் ஸ்டுடியோவில் கேட்டார்கள். நாமக்கல் பேருந்தில் என் கேமரா பையைப் பார்த்துவிட்டுப் பக்கத்து இருக்கை அம்மாள் கேட்டார். “கோழி” என்று சொன்னேன். சிரித்தார். நான் சிரிக்கவில்லை என்று தெரிந்ததும், “ஓ, டாக்குமெண்டரியா? பண்ணை வெக்கறது எப்படின்னு காட்டுவீங்களா?” என்றார். அப்படி இல்லை என்றேன். “அப்ப கதையா?” அதுவும் இல்லை. அதற்கு மேல் அந்த அம்மாள் என்னைத் தொந்தரவு செய்யவில்லை. ஜன்னல் பக்கம் திரும்பித் தூங்கிவிட்டார்.

நான் எடுக்கும் படங்களுக்கு ஒரு பெயர் வைத்துவிட வேண்டும் என்று எல்லாருக்கும் அவசரம். எனக்கில்லை. உண்மையில் நடப்பதைத்தான் எடுக்கிறேன். ஆனால் அதை விளக்கிச் சொல்ல ஒரு குரல் இருக்காது, சோகத்துக்கு ஒரு வயலின் இருக்காது. ஒரு இடத்தில் கேமராவை வைத்தால் நெடுநேரம் அங்கேயே இருக்கும். பார்க்கிறவர் கொஞ்சம் பொறுமையாக உட்கார வேண்டும், அவ்வளவுதான். இதைச் சொன்னால் “அவார்டு படம்” என்று ஒரே வார்த்தையில் கதவைச் சாத்திவிடுவார்கள். இதுவரை ஒரு அவார்டும் வாங்கியதில்லை. அதற்குள்ளாகவே இத்தனை கேலி.

எங்கள் வீட்டுக்குச் சோறு போட்டது முட்டைதான். அத்தா சேலத்தில் மொத்த முட்டை வியாபாரி. நாமக்கல் பக்கத்துப் பண்ணைகளிலிருந்து வரும் முட்டையை வாங்கி டவுன் கடைகளுக்குப் போடுகிறவர். நான் தவழ்ந்ததே முட்டை அட்டைகளுக்கு நடுவில்தான் என்று அம்மா சொல்வார். ஆனால் முப்பது வயது தாண்டும்வரை அந்த முட்டையை இடுகிற கோழி ஒன்றைக்கூட நான் நேரில் பார்த்ததில்லை. ஒருநாள் குளித்துக்கொண்டிருக்கும்போது இது உறைத்தது. அன்றிலிருந்து வேறு எதுவும் மண்டையில் ஏறவில்லை.

ஒரு பேட்ச் கோழியை எடுப்பது என்று முடிவு செய்தேன். ஒரே ஒரு பேட்ச். நேற்றுப் பொரித்த குஞ்சாக அட்டைப்பெட்டியில் வந்து இறங்குவதிலிருந்து, முட்டை குறைந்த பிறகு இறைச்சிக்காக லாரியில் ஏறிப் போவதுவரை. ஒன்றரை வருடத்துக்கு மேல் பிடிக்கும். பிடிக்கட்டும் என்று நினைத்தேன். கல்யாண சீசன் இல்லாத நாளெல்லாம் என்னுடையதுதானே.

அத்தாவுக்குப் பழக்கமான ஒரு பண்ணைக்காரர் இருந்தார். ஜேடர்பாளையம் போகும் வழியில், சோளக்காட்டுக்கு நடுவில் அவருடைய பண்ணை. அத்தா போனில் பேசிவிட்டு, “போய்ட்டு வா. ஆனா அவர் மனசு கோணாம நடந்துக்க. அவர்கிட்ட இருந்துதான் நமக்கு நல்ல சரக்கு வருது” என்று மட்டும் சொன்னார். நான் போய் இறங்கியதும் பண்ணைக்காரர் என்னை மேலும் கீழும் பார்த்தார். “பாய் பொண்ணா? வாங்க அம்மிணி. கோழியப் படம் எடுக்கறதுக்கு சேலத்துல இருந்து வந்தீங்களாக்கும்” என்றார். அவரை அண்ணா என்று கூப்பிட ஆரம்பித்தேன். கொஞ்ச நாளில் அவரும் வாங்க போங்க என்பதை விட்டுவிட்டார்.

குஞ்சு ஷெட்டில் ஒரு தொந்தரவும் இருக்கவில்லை. பெட்டியைக் கவிழ்த்ததும் மஞ்சளாகச் சிதறி ஓடிய குஞ்சுகளை, தரையோடு தரையாகப் படுத்துக்கொண்டு எடுத்தேன். பல்பு வெளிச்சத்தில் அவை ஒன்றன்மேல் ஒன்று ஏறித் தூங்குவதை எடுத்தேன். ஒன்றையொன்று கொத்திக்கொள்ளாமலிருக்க அலகு நுனி வெட்டிய நாளன்று எடுத்தேன். வளர்ந்து கூண்டுக்கு மாறியபோது எடுத்தேன். கோழிகளைப் பார்த்துக்கொண்ட அக்கா ஒருவர் இருந்தார். புருஷனோடு பண்ணையிலேயே குடியிருந்தார். தீனி போடுவது, முட்டை பொறுக்குவது, செத்ததை எடுத்துப் போடுவது எல்லாம் அவர்தான். நான் படுத்துக்கொண்டு எடுப்பதைப் பார்த்து, “உடுப்பெல்லாம் பீயாக்கிட்டுப் போறயே சாமி, உங்கூட்டுல திட்டமாட்டாங்களா?” என்று கேட்பார். திட்டினார்கள்தான்.

பெரிய ஷெட்டுக்கு மாறியதும் சட்டம் மாறியது. அங்கே கூண்டுகள் வரிசை வரிசையாக, கண்ணுக்கு எட்டும்வரை போகும். முட்டையிடுகிற கோழிக்குப் புதிதாக எதைப் பார்த்தாலும் ஆகாது. அதனால் அந்த ஷெட்டுக்குள் போகிற எல்லாரும் தினமும் ஒரே நிறத்தில் சட்டை போட வேண்டும். அந்தப் பண்ணையில் அது நீலம். அக்கா சேலைக்கு மேல் ஆம்பிளை நீலச் சட்டை ஒன்றைப் போட்டிருப்பார். அண்ணாவும் நீலம். டாக்டர் வந்தாலும் வாசலில் தொங்கும் நீலச் சட்டையை மாட்டிக்கொண்டு, மருந்துத் தண்ணீரில் காலை நனைத்துவிட்டுத்தான் உள்ளே வருவார். எனக்கும் ஒன்று கொடுத்தார்கள். சுடிதாருக்கு மேல் மாட்டிக்கொண்டு, கழுத்துவரை பொத்தான் போட்டு, தலைத் துணியையும் நீலத்திலேயே கட்டிக்கொண்டு போனேன். சட்டம் என்றால் சட்டம், அதில் நான் கறார்.

அந்த நேரம்தான் நான் புதிதாக ஒரு மைக் வாங்கியிருந்தேன். ஆயிரக்கணக்கான கோழி ஒரே கூரைக்குக் கீழே முனகிக்கொண்டிருக்கும் அந்தச் சத்தத்தைக் கேமராவில் உள்ள சின்ன மைக் சல்லிப் பைசாவுக்கு ஆகாமல் பதிவு செய்துகொண்டிருந்தது. புது மைக்குக்குக் காற்றுச் சத்தம் விழாமலிருக்க ஒரு உறை உண்டு. சாம்பல் நிறத்தில், புசுபுசுவென்று மயிர் அடர்ந்து, ஒரு முழ நீளத்தில் இருக்கும். அதை ஒரு கம்பின் நுனியில் மாட்டிப் பிடிக்க வேண்டும். சினிமாக்காரருக்கு அது மைக். கோழிக்கு அது என்ன என்று நான் ஒரு நொடி யோசித்திருக்க வேண்டாமா? யோசிக்கவில்லை. நீலச் சட்டை போட்டாயிற்று, காலை நனைத்தாயிற்று, இன்னும் என்ன என்ற தைரியத்தில் கம்பைக் கூண்டுக்குப் பக்கத்தில் தாழ்த்திப் பிடித்துக்கொண்டு நடந்தேன்.

முதலில் ஒரே ஒரு கோழி கிர்ரென்றது. அதன்பின் அந்த வரிசையில் சத்தமே இல்லை. இயர்போனில் அந்த அமைதியைக் கேட்டு, அடடா என்ன அருமை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். மறுகணம் ஷெட்டே வெடித்தது. அத்தனை கோழியும் ஒரே நேரத்தில் பின்பக்கக் கம்பியில் போய் மோதின. ஒன்று கத்த அடுத்த கூண்டு, அதைக் கேட்டு அடுத்த வரிசை என்று கடைசிவரை ஓடியது. இறகும் தூசியும் எழும்பி எதிரே எதுவும் தெரியவில்லை. அண்ணா ஓடி வந்தார். என் கம்பின் நுனியில் தொங்கியதைப் பார்த்தார்.

“என்னத்த அம்மிணி உள்ள கொண்டாந்த? மரநாயா?”

“மைக்குங்கண்ணா.”

“மைக்குக்கு எதுக்கு மயிரு?”

கம்பைத் தூக்கிக்கொண்டு வெளியே ஓடினேன். கோழிகள் அடங்க வெகுநேரம் ஆனது. இறக்கை முறிந்தவற்றை அக்கா தனியாக எடுத்து வைத்தார். இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. மறுநாள் காலையில் முதல் பேருந்தைப் பிடித்துப் போய் நின்றேன். மன்னிப்புக் கேட்கத்தான் போனேன், அது சத்தியம்.

ஷெட் வாசலில் அக்கா இரண்டு உள்ளங்கையையும் சேர்த்து ஏந்திக்கொண்டு நின்றார். அதில் ஓடே இல்லாத முட்டை. தோலுக்குள் மஞ்சளும் வெள்ளையும் தளும்பிக்கொண்டிருந்தன. கோழி அரண்டு போனால் ஓடு பிடிப்பதற்குள் முட்டையைப் போட்டுவிடும், அதற்குத் தோல்முட்டை என்று பெயர். “பாரு சாமி, உன்ற மைக்கு போட்ட முட்டைய” என்றார். வெயில் அதற்குள் புகுந்து அவருடைய கை ரேகைவரை தெரிந்தது. என் புத்தி எங்கே போனதோ தெரியவில்லை. “அக்கா, அப்படியே வெச்சுக்கங்க. கேமரா எடுத்துட்டு ஓடி வந்துடறேன்” என்று சொல்லிவிட்டேன்.

அண்ணா பின்னால்தான் நின்றிருந்தார்.

“ஷெட்டே எழவு ஊடாட்டக் கெடக்குது. உனக்குப் படம் கேக்குதா?” என்றார். குரலை உயர்த்தவில்லை. அதுதான் பயமாக இருந்தது. “நேத்து நடந்தத நான் விட்டுட்டேன், தெரியாமப் பண்ணிப்போட்டீன்னு. இது தெரிஞ்சு பேசற பேச்சு. இனி இந்தப் பக்கம் வராத அம்மிணி. பாய்கிட்ட நான் பேசிக்கறேன்.”

பேசியும்விட்டார். நான் வீடு போய்ச் சேர்வதற்குள் அத்தாவுக்கு எல்லாம் தெரிந்திருந்தது. கடைக் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்தார். அவர் கண்ணாடியைக் கழற்றினால் எங்கள் வீட்டில் யாரும் உட்கார மாட்டோம்.

“அவர்கிட்ட இத்தன வருஷத்துல ஒரு வார்த்த வாங்கினதில்லம்மா நான். இன்னைக்கு வாங்கினேன்.”

தலையைக் குனிந்துகொண்டு நின்றேன். கொஞ்ச நேரத்தில் அவரே இறங்கி வந்தார். “சரி விடு. வேற பண்ணையில சொல்லி விடறேன். கோழிக்கா பஞ்சம்? மிச்சத்த அங்க எடுத்துக்க.”

“அது வேற கோழிங்க அத்தா.”

“எல்லாம் வெள்ளக் கோழிதானே? ஒட்டிட்டா யாருக்குத் தெரியும்?”

“எனக்குத் தெரியும்.”

அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். கெட்ட முட்டையை நல்ல அட்டைக்குள் சொருகினால் யாருக்குத் தெரியும் என்று நான் அவரிடம் கேட்டிருந்தால் என்னை அறைந்திருப்பார். அதைச் சொல்ல நாக்கு நுனிவரை வந்தது. சொல்லவில்லை. ஆனால் அவருக்கே அது தோன்றியிருக்க வேண்டும். கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு, “அப்ப நீயே போய்ப் பேசிக்க. நான் குறுக்க வரமாட்டேன்” என்றார்.

இன்னொரு பேட்ச் எடுத்துக்கொள் என்று நண்பர்களும் சொன்னார்கள். சொல்வதற்கென்ன, வாய் வலிக்கப் போகிறதா? அட்டைப்பெட்டியிலிருந்து நான் பார்த்த குஞ்சுகள் இப்போது அந்தக் கூண்டுகளில் முட்டையிட்டுக்கொண்டிருக்கின்றன. நான் வீட்டில் உட்கார்ந்திருக்கும் ஒவ்வொரு நாளும் அவற்றின் வாழ்க்கையில் ஒரு நாள் போய்க்கொண்டிருக்கிறது. இவற்றை விட்டால் இந்தப் படமே இல்லை. பாதிப் படத்தைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டு, மாப்பிள்ளை பெண்ணுக்கு மாலை போடுவதை ஸ்லோ மோஷனில் வெட்டிக்கொண்டு காலத்தை ஓட்ட என்னால் முடியாது. அழுகை வந்தது. அழுது முடித்துவிட்டு, வேலைக்குப் போட்டுக்கொள்கிற பழைய சுடிதார் இரண்டை எடுத்துப் பையில் வைத்தேன். கேமராவை பீரோவில் வைத்தேன்.

பண்ணை வாசலில் அண்ணா பைக்கை மிதித்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் முகம் கடுத்தது.

“கேமரா இல்லீங்கண்ணா. வேலைக்கு வந்திருக்கேன்.”

“என்ன வேல?”

“அக்காவோட கூட நின்னு தீனி போடறேன், முட்டை பொறுக்கறேன். கூலி வேண்டாம். கோழிங்க என்னைப் பாத்துப் பழகட்டும். பழகிடுச்சுன்னு உங்களுக்கு எப்பத் தோணுதோ அப்பச் சொல்லுங்க. அதுவரைக்கும் கேமரா வீட்ல இருக்கட்டும்.”

“எத்தன நாளைக்கு?”

“நீங்க சொல்ற வரைக்கும்.”

“நான் சொல்லவே இல்லீன்னா?”

“அப்ப உங்களுக்கு ஒரு ஆள் கூலி மிச்சம்.”

அவர் சிரிக்கவில்லை. பைக்கைக் கிளப்பிக்கொண்டு போய்விட்டார். போகச் சொல்லவில்லை என்பதால் நான் உள்ளே போனேன்.

அக்காவுக்கு ஒரே கொண்டாட்டம். “வா சாமி, எனக்கும் ஒரு எடுபிடி வேணும்னு அந்தச் சாமிகிட்ட கேட்டுட்டே இருந்தேன்” என்று சொல்லி, மூட்டை பிரிப்பதிலிருந்து வண்டி தள்ளுவதுவரை என் தலையில் கட்டிவிட்டு, வெற்றிலையைப் போட்டுக்கொண்டு வேப்பமர நிழலில் உட்கார்ந்துவிடுவார். கூண்டு வரிசைகளுக்கு நடுவில் போகும் சந்தில்தான் தீவன வண்டி ஓடும். நான்கு சக்கரம் வைத்த தகரத் தொட்டி அது. அதைத் தள்ளிக்கொண்டே, இரண்டு பக்கமும் கிண்ணத்தால் அள்ளிக் கூண்டுக்கு முன்னால் உள்ள காடியில் கொட்டிக்கொண்டு போக வேண்டும். சக்கரம் கிறீச்சிடும். அந்தச் சத்தம் கேட்டதுமே ஷெட்டின் அந்தக் கோடிவரை கோழிகள் கம்பிக்கு வெளியே கழுத்தை நீட்டும். நீட்டுவது வண்டிக்கும் அக்காவுக்கும்தான். பின்னால் நான் வருவது தெரிந்தால் உள்ளே இழுத்துக்கொள்ளும்.

தோள்பட்டை இறங்கிவிட்டது. எரு வாடையில் கண் எரிந்து, பேருந்தில் வீட்டுக்குப் போகும்போது அழுதவள் போல இருப்பேன். பக்கத்தில் யாரும் உட்கார மாட்டார்கள், அது வேறு விஷயம். கேமரா இல்லாமல் பார்ப்பது எனக்குப் பழக்கமே இல்லை. நல்ல வெளிச்சம் விழும்போதெல்லாம் கை பரபரக்கும். பல்லைக் கடித்துக்கொண்டு தீனியை அள்ளிக் கொட்டுவேன். ஒருநாள் தூசியில் பெரிதாக ஒரு தும்மல் போட்டேன். போட்டுவிட்டுப் பயந்துபோய் நின்றேன். ஒரு கோழியும் அசையவில்லை. பக்கத்துக் கூண்டுக் கோழி என் சட்டைப் பொத்தானை நிதானமாகக் கொத்திப் பார்த்தது. நடுச்சந்தில் நின்றுகொண்டு நான் சிரித்த சிரிப்பில் அக்காவே எழுந்து வந்துவிட்டார்.

அண்ணா எல்லாவற்றையும் கவனித்துக்கொண்டுதான் இருந்திருக்கிறார். ஒரு வாரம் கழித்து, முட்டை அறையில் அட்டை அடுக்கிக்கொண்டிருந்தபோது வந்து நின்றார். “கேமராப் பொட்டிய எடுத்துட்டு வா அம்மிணி. அந்த மரநாய மட்டும் ஊட்லயே உட்டுட்டு வந்துரு” என்றார்.

கேமராவைக் கையில் பிடித்துக்கொண்டு போக எனக்குத் தைரியம் வரவில்லை. கிழிந்த நீலச் சட்டை ஒன்றை வாங்கி, லென்ஸ் மட்டும் வெளியே தெரியும்படி கேமராவைச் சுற்றித் தைத்தேன். அதைத் தீவன வண்டியின் முன் விளிம்பில், கோழியின் கண் மட்டத்துக்குக் கட்டினேன். மைக்கையும் மயிர் உறை இல்லாமல் தகரத்துக்குள் மறைத்து வைத்தேன். அன்றிலிருந்து வண்டியின் நடைதான் என் படத்தின் நடை. அதற்கு முன் நான் எடுத்ததெல்லாம் வேடிக்கை பார்க்க வந்தவள் எடுத்தது. இப்போது தீனி வருகிற பக்கத்திலிருந்து பார்க்கிறேன். ஒவ்வொரு முகமாக லென்ஸுக்கு நேரே வந்து, தலையைச் சாய்த்து, ஒற்றைக் கண்ணால் உற்றுப் பார்த்துவிட்டுப் போனது. இதுதான் நான் கேட்டது. எனக்கு அவ்வளவு சந்தோஷம்.

கோடையில் கூரைமேல் தண்ணீர் தெளிப்பான் சுற்ற, கோழிகள் அலகைத் திறந்து மூச்சு வாங்கியதை எடுத்தேன். மழை பெய்து தகரம் இரைந்தபோது எடுத்தேன். ஒரு முட்டை சரிந்து வந்து கம்பியில் நிற்பதை மட்டும் ஒரு காலை முழுக்க எடுத்தேன். நாள் போகப் போகக் கோழிகளின் கழுத்தில் கம்பி உரசி இறகு உதிர்ந்தது. கொண்டை வெளுத்தது. முட்டை பெரிதாகி, ஓடு மெலிந்து, கை பட்டாலே விரிசல் விட்டது. லாரிக்குச் சொல்லிவிட வேண்டியதுதான் என்று அண்ணா பேசுவது காதில் விழுந்தது.

லாரி ஏற்றுவதை எடுக்க வேண்டும் என்று கேட்டேன். “அது மட்டும் வேண்டாம்” என்றார். “நல்லா இருக்கறப்பெல்லாம் எடுத்தீல்ல, போதும்.”

“லாரி இல்லாம இந்தப் படம் பொய்யிங்கண்ணா.”

“எங்க பண்ணையில ஒரு வழக்கம் இருக்குது. தீனி போட்ட கை ஏத்தற அன்னைக்கு அங்க நிக்கப்படாது. எங்கப்பாரு காலத்துல இருந்தே அப்பிடித்தான். அக்காளக்கூட முந்தின நாளே மக ஊட்டுக்கு அனுப்பிருவேன். நீயும் தீனி போட்டவதான.”

“நான் படமெடுக்கத்தான் தீனி போட்டேன்.”

சொன்னபிறகு எனக்கே ஒரு மாதிரி இருந்தது. ஆனாலும் வார்த்தையைத் திரும்ப எடுக்கவில்லை. “உன்ற இஷ்டம்” என்று சொல்லிவிட்டு நடந்தார். முந்தின நாள் மத்தியானம் அக்கா திருச்செங்கோட்டில் இருக்கும் மகள் வீட்டுக்குக் கிளம்பினார். புருஷன் பையைத் தூக்கிக்கொண்டு முன்னால் போய்விட்டார். அக்கா பேருந்து வரும்வரை என் கையைப் பிடித்துக்கொண்டே நின்றார். “நீயும் வந்துரு சாமி. மக கறி எடுத்து வெச்சிருப்பா. அத நின்னு பாக்க வேண்டாம்.” நான் வரவில்லை என்றேன். கையை விட்டுவிட்டுப் பேருந்தில் ஏறினார். அன்று சாயந்தரம் கோழிகளுக்குத் தீனி நிறுத்தினார்கள். ஏற்றும்போது வயிறு காலியாக இருக்க வேண்டுமாம். அண்ணாவின் மனைவி எனக்கு வீட்டில் பாய் போட்டுக் கொடுத்தார்.

விடிந்ததும் லாரி வந்தது. பிடிக்கிற ஆட்கள் வெளியூர்க்காரர்கள். சிவப்பு, மஞ்சள், கட்டம் என்று ஆளுக்கொரு சட்டை. அவர்கள் உள்ளே கால் வைத்ததும் முதல் வரிசை அலறிப் பின்கம்பியில் போய் ஒட்டிக்கொண்டது. கையை விட்டு இழுத்தார்கள். இறக்கை கம்பியில் மாட்டி முறிகிற சத்தம் எனக்குக் கேட்டது. முறிந்ததை, கோழி வாங்க லாரியோடு வந்த கறி வியாபாரி விலைக்கு ஆகாது என்று ஓரமாகத் தள்ளினார். அடுத்த கூண்டிலும் அதே கதை. நான் மூலையில் கேமராவோடு நின்றேன்.

அண்ணா என்னிடம் வந்தார். என் முகத்தைப் பார்க்காமல் பேசினார்.

“அம்மிணி, வண்டியத் தள்ளறயா?”

எனக்கு முதலில் புரியவில்லை.

“வண்டிச் சத்தம் கேட்டா முன்னால வரும். முன்னால வந்தா பிடிக்கறவங்களுக்கு லேசு, இறக்கை முறியாது. அக்கா இல்ல. இதுங்களுக்குத் தெரிஞ்ச ஆளு இன்னைக்கு நீ ஒருத்திதான்.”

வண்டி காலியாக இருந்தது. ஒரு கிண்ணம் தீவனம்கூட இல்லை. முடியாது என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் அத்தனை கோழியும் இப்படித்தான் முறிந்து முறிந்து போகும். தள்ளினால் முறியாது, ஆனால் நான் தள்ளியதால் போகும். இதில் எது நல்லது என்று கேட்க அங்கே யாரும் இல்லை. இந்த ஒரு நாள் இல்லையென்றால் இத்தனை மாதம் எடுத்ததற்கு அர்த்தமில்லை என்பதும் என் மண்டையில் ஓடிக்கொண்டிருந்தது, அதை மறைக்க மாட்டேன். கேமராவை வண்டியின் விளிம்பில் கட்டினேன். பொத்தானை அழுத்திவிட்டுத் தள்ளினேன்.

சக்கரம் கிறீச்சிட்டது. ஷெட்டின் கடைசிவரை அத்தனை கழுத்தும் வெளியே வந்தன. முந்தின நாள் சாயந்தரத்திலிருந்து பட்டினி. என்னைப் பார்த்தன. காலிக் காடியைப் பார்த்தன, மறுபடியும் என்னைப் பார்த்தன. நான் கடந்து போக, என் முதுகுக்குப் பின்னால் ஆட்கள் கூண்டைத் திறந்து ஒவ்வொன்றாக எடுத்தார்கள். அவ்வளவாகச் சத்தம் இல்லை. எனக்கு அவமானமாக இருந்தது, கோபமாகவும் இருந்தது. யார்மேல் கோபப்படுவது என்று தெரியவில்லை. நிற்காமல் கடைசிவரை தள்ளினேன். அடுத்த வரிசைக்குத் திருப்பினேன். அதையும் தள்ளினேன். எல்லா வரிசையும் முடிந்தபிறகு முன்பக்கம் வந்து, குனிந்து, கேமராவை நிறுத்தினேன்.

எடிட் செய்ய உட்கார்ந்தபோது அந்த ஷாட்டை முதல்முறை முழுதாகப் பார்த்தேன். என் வாழ்நாளில் நான் எடுத்ததிலேயே நல்ல ஷாட் அதுதான். சொல்லவே கூசுகிறது. அதன் கடைசியில் ஒரு வால் இருந்தது. எல்லா ஷாட்டின் கடைசியிலும் இருக்கும், கேமராவை நிறுத்த வருகிறவர் முகம் பெரிதாக லென்ஸை அடைக்கிற அந்தச் சில நொடி. எடிட்டிங்கில் முதல் வேலையே அதை வெட்டித் தூர எறிவதுதான். இதிலும் வந்தது. மூக்கு ஒழுகிக்கொண்டிருக்க, தலைத் துணி அவிழ்ந்து, பல்லைக் கடித்துக்கொண்டிருந்த என் முகம். அதுவரை படத்தில் மனித முகமே கிடையாது, நீலச் சட்டைக் கைகள் மட்டும்தான். வெட்டப் போனேன். வெட்டவில்லை.

யாருக்கும் காட்டுவதற்கு முன் பண்ணையில் காட்ட வேண்டும் என்று லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு போனேன். முட்டை அறையில் அட்டைக் கட்டின்மேல் வைத்து ஓட்டினேன். அண்ணா, அவர் மனைவி, அக்கா மூவரும் உட்கார்ந்து பார்த்தார்கள். குஞ்சுகள் வந்தபோது அண்ணாவின் மனைவி சிரித்தார். அக்கா ஒவ்வொரு வரிசையையும் அடையாளம் சொல்லிக்கொண்டே வந்தார். கடைசி ஷாட் வந்ததும் அவர் பேச்சு நின்றது. இத்தனை வருடத்தில் கோழிகளை ஏற்றுவதை அவர் பார்த்ததே இல்லை. கிறீச், கிறீச் என்று வண்டி போய்க்கொண்டே இருந்தது. என் முகம் வந்தது, திரை இருட்டானது.

“இத வெட்டிப்போடு அம்மிணி” என்றார் அண்ணா.

“ஏனுங்கண்ணா?”

“அதுங்க நம்பி ஏமாந்தது நல்லாத் தெரியுது.”

“அதுக்காகத்தான் வெச்சிருக்கேன்.”

“செரி, கடைசியில உன்ற மூஞ்சி எதுக்கு? பாக்கறவங்க உன்னையத்தான ஏசுவாங்க?”

“ஏசட்டும். வண்டியத் தள்ளினது நான்தானுங்களே.”

அவர் அதன்பின் வெட்டச் சொல்லவில்லை. அவர் மனைவி எழுந்து காப்பி வைக்கப் போனார். அக்கா மட்டும் அணைந்துபோன திரையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

“நீ ஒரு நாளுதான் காலி வண்டியத் தள்ளுன. அதுங்கள அந்தச் சத்தத்துக்குப் பழக்கினது நானு சாமி. நாளைக்குப் பொட்டிய எடுத்துட்டு வா. எம்மூஞ்சியயும் உன்றதுக்குப் பக்கத்துல போட்டுரு.”